திருட்டுப் படத்து மழை

வானத்துல ஒரு பொட்டு மேகம் இல்லாம, மத்தியானம் ரெண்டு மணிக்கு ஆரம்பிச்சு மூணு முப்பத்தேழுக்கு டக்குன்னு நிக்கிற மழை எங்க ஊர் நரியேந்தல்ல பேயுது, பஞ்சாயத்து டிவி ரூம் வாசல்ல மட்டும் பேயுது, அங்கிட்டுப் பத்தடி தள்ளி நின்னா வெயில் மண்டையப் பொளக்கும். நம்புனா நம்புங்க, நம்பாட்டிப் போங்க, உங்கள நம்பவச்சு எனக்கு ஆகப்போறது ஒண்ணுமில்ல. நான் சொல்ல வந்தது மழையப் பத்தி இல்ல, என் மக மங்களேஸ்வரியப் பத்தி; ஆனா மழையச் சொல்லாம அவளச் சொல்ல முடியாது, அதனால மழையவே மொதல்ல சொல்லித் தொலைக்கிறேன்.

முதுகுளத்தூர்ப் பக்கம் இருக்கிற ஊருகள்ல நல்ல தண்ணி கெடையாது, எங்க ஊர்ல கெட்ட தண்ணியும் கெடையாது. காஞ்ச கண்மாய்க்குள்ள ஆள் ஆழத்துக்கு ஊத்துத் தோண்டி, உள்ள எறங்கி, செரட்டையால வழிச்சு வழிச்சு ஊத்துனா ஒரு குடம் நெறைய முக்கா மணி நேரம் ஆகும். அதனால விடியிறதுக்கு முந்தியே குடங்க வரிசையா வந்து ஒக்காந்துரும், ஒவ்வொரு குடத்துக்குப் பக்கத்துலயும் ஒரு ஆள் நிக்கணும், ஆள் இல்லாத குடத்தத் தூக்கி வெளிய வச்சிருவாக. குடத்துக்காரிக்கு வேற சோலி வந்துட்டா இன்னொருத்தி அவளுக்காக நின்னு எடம் பிடிக்கலாம், உடையவ வந்ததும் பிடிச்சவ விலகிக்கிடணும். இத யாரும் எழுதி வைக்கல, போலீஸ் வந்து சொல்லல, ஆனா அண்ணன் தம்பி சொத்துக்கு வெட்டிக்கிட்ட வருசத்துல கூட எங்க ஊர்ல வரிசைய யாரும் மாத்துனதில்ல. தண்ணிய விட வரிசதான் எங்களுக்குப் பெருசாப் போச்சோ என்னவோ.

மங்களா ராமநாதபுரத்துல காலேஜ் முடிச்சிட்டு வேல தேடிக்கிட்டிருந்தா, இருபத்தோரு வயசு. அவ அப்பன் சவுதிக்குப் போனவன் போனவன்தான், வீட்ல நானும் அவளும் மட்டும். அவளுக்குப் பேய்ப்படம்னா உசுரு. அதுலயும் சலங்கச் சத்தம், வெள்ளச் சேல, மந்திரவாதி எல்லாம் வர்ற படமில்ல, ஒண்ணுமே நடக்காத பேய்ப்படம். ஒரு வீடு இருக்கும், ஒரு கதவு இருக்கும், அது தெறக்குமா தெறக்காதான்னு ஒன்றர மணி நேரம் ஓடும், கடைசி வரைக்கும் தெறக்காது, இவ போர்வைய வாயில கடிச்சுக்கிட்டுப் பாப்பா. என்னடி பேயே காணோம்னு கேட்டா, பேய் வந்துட்டா பயம் போயிரும்மாம்பா. காசு கையில இல்லாத ஆளுக எடுக்குற படமாம் அதெல்லாம், தியேட்டர்ல போட மாட்டாக, சந்தா கட்டிப் பாக்குற எடத்துலயும் வாங்க மாட்டாக, திருட்டு சைட்டுலதான் கெடைக்கும். அந்த சைட்டு வாரம் ஒரு பேர் மாத்தும், தொட்ட எடமெல்லாம் ரம்மி ஆடச் சொல்லும், சிவப்பழகு கிரீம் வாங்கச் சொல்லும், எல்லாத்தையும் மூடி மூடித் தள்ளுனாத்தான் படம் கண்ணுல தெரியும். திருட்டுன்னு அவளுக்கும் தெரியும், எனக்கும் தெரியும், ஆனா போன்ல நடக்குற திருட்டு திருட்டு மாதிரியே இருக்கிறதில்ல.

அந்தப் படத்த அவ பாத்தது ஒரு சித்திர மாசத்து ஞாயித்துக்கெழம, சோறு தின்னுட்டு நான் தலையச் சாய்ச்ச நேரம். படத்துக்கு என்ன பேருன்னு கேக்காதீக, பேர் போடுற எடத்துல சைட்டுக்காரன் அவன் முத்திரைய அடிச்சு மறைச்சிருந்தான், நாங்க மழைப்படம்னுதான் சொல்லுவோம். மலை மேல ஒரு தனி வீடு, வீட்டுக்குள்ள ஒரு பொம்பள, அவளுக்கு முன்னால ஒரு பெரிய ஜன்னல், ஜன்னலுக்கு வெளிய மழை, மழைக்கு அங்கிட்டு ஒரு சரிவும் நாலஞ்சு தைல மரமும், அவ்வளவுதான் படம். அவ பாத்துக்கிட்டே நிக்கா, யாரோ வரப்போறாகன்னு நமக்கும் தோணுது, யாரும் வரல, மழையும் விடல. என் நெத்தியில சொட்டுன்னு ஒண்ணு விழுந்துச்சு. ஓட்டப் பாத்தா ஓடு காஞ்சு கெடக்கு, ஓட்டுக்குக் கீழ அந்தரத்துலருந்து எறங்குது மழை, பாய் நனையுது, அடுப்பு நனையுது, மக நனையிறா, நனையிறது கூடத் தெரியாம படத்துலயே கண்ணா இருக்கா. வேற ஊர்க்காரியா இருந்தா கத்தியிருப்பா, இல்ல சாமிக்கு நேந்திருப்பா. நான் நரியேந்தக்காரி, எந்திரிச்சு குண்டானத் தேடுனேன்.

அன்னிக்கு எங்க வீட்ல பதினோரு ஏனம் நெறஞ்சுச்சு. குளுகுளுன்னு, தித்திப்பா, லேசாத் தைல வாசத்தோட ஒரு தண்ணி, அப்பிடித் தண்ணிய எங்க ஊர்ல எவளும் தொண்டையில எறக்குனதில்ல. மறுநா பக்கத்து வீடு வந்துச்சு, அதுக்கு மறுநா தெரு வந்துச்சு, ஒரு வாரத்துல ஊரே எங்க வாசல்ல குடத்தோட நின்னுச்சு. ரீசார்ஜ் கட வச்சிருக்கிற நாகவல்லி, எனக்கு ஒண்ணுவிட்ட நாத்தனா, ஊர்ல எது நடந்தாலும் நோட்டுப் போட்டு எழுதுறவ, அவதான் இப்பிடி ஒரு வீட்டுக்குள்ள வச்சா சரிப்படாது, பொதுவுல வைக்கணும்னு சொல்லி, பஞ்சாயத்து டிவி ரூம் பூட்டத் தெறக்கவச்சு, மங்களா போனோட டிவியச் சேத்துவிட்டு, வாசல்ல வரிசையும் போட்டுக் குடுத்தா. பெரிய டிவிக்குப் பெரிய மழை. நெட்டு இழுக்காம வட்டம் சுத்திக்கிட்டுப் படம் நின்னா மழையும் அந்தரத்துல அப்பிடியே நிக்கும், தொங்குற துளிகளப் பிள்ளைக நெல்லிக்கா பறிக்கிற மாதிரி பறிச்சுத் திங்குங்க. நடுவுல ரம்மி விளம்பரம் வந்தா மழை விட்டுரும், அந்த முப்பது செகண்டுல பொம்பளைக ஏனத்த மாத்திக்கிடுவாக.

ஊர் எல்லாத்துக்கும் பழகிருச்சு. பேய்ப்படத்துத் தண்ணியில பொங்கல் வைக்கலாமா கூடாதான்னு கோயில் கமிட்டியில ரெண்டு நாள் பேசுனாக, மழைன்னு வந்துட்டா அது எந்த மழையா இருந்தா என்ன, வச்சிரலாம்னு முடிஞ்சுச்சு. கல்யாண நாள் குறிக்கிறவுக சைட்டு ஒழுங்கா ஓடுதான்னு பாத்துட்டுக் குறிச்சாக. வாரத்துக்கு ரெண்டு நா வந்துக்கிட்டிருந்த தண்ணி லாரி ஆளுக வந்து பாத்தாக, ஒரு சொம்பு வாங்கிக் குடிச்சாக, இந்த ஊருக்கு நல்ல தண்ணி வசதி இருக்குன்னு எழுதிக்கிட்டுப் போனாக, அதோட லாரி நின்னு போச்சு. கண்மாய் ஊத்தத் தூர் எடுக்க ஆள் போகல, அதுவும் மூடிக்கிருச்சு. அப்ப எவளுக்கும் ஒண்ணும் தோணல, எனக்கும் தோணல.

ஆனி மாசம் ஒண்ணாந்தேதி, மொத குடத்துக்குப் பக்கத்துல நின்ன சாத்தையாண்ணனக் காணோம். அறுபது வயசு மனுசன், ஒண்ணுக்கு இருக்கப் போயிருப்பாருன்னு நெனச்சோம், அவர் பொஞ்சாதிதான் டிவியப் பாத்து, அந்தா நிக்காகள்லன்னு சொன்னா. படத்துக்குள்ள, ஜன்னலுக்கு வெளிய, மழைக்குள்ள, தோள்ல துண்டோட, கக்கத்துல குடத்தோட நின்னாரு. அடிபட்ட மாதிரி இல்ல, அழுகுற மாதிரி இல்ல, ஊத்துக்கிட்ட நிக்கிற மாதிரியே முன்னால பாத்துக்கிட்டு நின்னாரு. ஆடி ஒண்ணாந்தேதி மொத குடத்துக்காரர் இன்னொருத்தர் போனாரு, சாத்தையாண்ணனுக்குப் பின்னால போய் நின்னாரு. ஆவணி ஒண்ணாந்தேதி பயந்துபோய்ப் படத்தயே போடல. ரெண்டாந்தேதி போட்டா டிவியில பேயுது, வாசல்ல பேயல, மூணாந்தேதி பேயல, நாலாந்தேதி பேயல, லாரிக்குப் போன் பண்ணுனா உங்க ஊர்ப் பேரே லிஸ்ட்ல இல்லன்னுட்டாக. அஞ்சாந்தேதி, பால்குடி மறக்காத பேத்திய வீட்ல வச்சிருந்த ஒருத்தி தானா எந்திரிச்சு வந்து குடத்த முன்னால வச்சா, எங்க யார் மூஞ்சியயும் பாக்கல, வானம் கொட்டுச்சு.

அன்னிக்குச் சாயங்காலம் ஊர் கூடுனோம். அழுதோம், மண்ண வாரித் தூத்துனோம், அந்த டிவியக் கொண்டுபோய்க் கெணத்துல போடுங்கன்னு ரெண்டு பேர் சொன்னாக, போட்டுட்டு எதக் குடிக்கிறதுன்னு நாலு பேர் கேட்டாக. கடைசியில நாகவல்லி நோட்ட விரிச்சா. மாசம் ஒண்ணாந்தேதிக்கு ஒரு வீடு, வீட்டுக்கு ஒரு ஆள், தெருவுல வீடு இருக்கிற வரிசைப்படி, யாரப் போகச் சொல்றதுன்னு அந்தந்த வீடே முடிவு பண்ணிக்கிடலாம், ஒரு வீட்ல ஒருக்க போயிட்டா அந்த வீட்டுக்கு மறுபடி கெடையாது. கேட்டப்ப நியாயமாத்தான் இருந்துச்சு. வரிசையில நிக்கிறது ஒண்ணத் தவிர வேற எதுவும் தெரியாத ஊரு, சாவுக்கும் வரிசை போட்டுக்கிருச்சு. நானும் கையெழுத்துப் போட்டேன். இங்கிலீசுல போட்டேன், மங்களா சொல்லிக்குடுத்த கையெழுத்து.

அப்பறம் அதுவும் பழகிருச்சு, அதச் சொன்னாத்தான் எனக்கே என் மேல காறித் துப்பணும்போல இருக்கு. சாத்தையாண்ணன் பொஞ்சாதி தெனமும் ரெண்டு மணிக்கு மொத ஆளா வந்து டிவிக்கு முன்னால ஒக்காந்து, ஆடு குட்டி போட்டுச்சு, மகன் மொளகா ஏத்திட்டுப் போயிருக்கான்னு ஒண்ணொண்ணாச் சொல்லிட்டு, படம் முடிஞ்சதும் முந்தானைய ஒதறிட்டு எந்திரிச்சுப் போவா. வெளியூர்லருந்து சொந்தக்காரவுக வந்தா டிவி ரூமுக்குக் கூட்டிட்டு வந்து காட்டுவாக. மழைப்படத்துல இப்ப வரிச சேந்துக்கிட்டே போச்சு; வலது பக்கம் சாத்தையாண்ணன்ல ஆரம்பிச்சு எடது பக்கம் பாத்து வளந்துக்கிட்டே வந்துச்சு. ஜன்னலுக்குள்ள நிக்கிற அந்தப் படத்துப் பொம்பள இவுகளப் பாத்துக்கிட்டே நின்னா, அவ காத்திருந்தது இவுகளுக்குத்தான்ங்கிற மாதிரி. மங்களா மட்டும், இது தப்பும்மா, படத்துல இது இல்ல, நான் மொதல்ல பாத்தப்ப வெளிய யாருமே இல்ல, அதான் படம்னு சொல்லிக்கிட்டே இருந்தா. சொல்லிட்டு அவளும் குடம் பிடிச்சா.

கார்த்திகைக்கு எங்க வீட்டு முறை. அந்த வருசம் ஐப்பசியிலயும் வானம் ஏமாத்திருச்சு. நான்தான் போறதுன்னு எனக்குள்ள முடிவு பண்ணியாச்சு, அதுல யோசிக்க என்ன இருக்கு, நாப்பத்தாறு வயசாச்சு, பாத்ததெல்லாம் போதும். மங்களாகிட்ட பேச்சக் குடுத்தா, அது அன்னிக்குப் பாத்துக்கிடலாம்மான்னு தட்டிக் கழிச்சா. எனக்குப் பின்னால பிள்ள தனியா கெடந்து அல்லாடக்கூடாதுன்னு, ஒண்ணாந்தேதி காலையில குடத்த வெளக்கி மொத எடத்துல வச்சுட்டு, முறை வீட்டுக் குடத்த அன்னிக்கு மட்டும் யாரும் வெளிய தூக்கி வைக்க மாட்டாகங்கிற தைரியத்துல, முதுகுளத்தூர்ல இருக்கிற என் அக்காவப் பாத்து ஒரு வார்த்த சொல்லிட்டு வந்துரலாம்னு எட்டு மணி பஸ்ஸுக்குப் போனேன். என் பிள்ளையப் பாத்துக்கக்கான்னு சொன்னேன், அவ என்னக் கட்டிப்பிடிச்சு அழுதா, அழுதுட்டு, ஒரு வாய் தின்னுட்டுப் போடி, நெத்திலி கொழம்பு வச்சிருக்கேன்னா. தின்னேன். கடைசிச் சோறுன்னு நெனச்சு நல்லா வழிச்சுத் தின்னேன். பதினொன்னு அம்பது பஸ் போயிருச்சு, அடுத்த பஸ் வந்தது ஒன்னேமுக்காலுக்கு.

ஊர்ல எறங்கும்போது ரெண்டு இருபது. டிவி ரூம் வாசல்ல மழை பேஞ்சுக்கிட்டிருக்கு, என் குடம் மொத எடத்துல நெறஞ்சு வழியுது, பக்கத்துல ஆள் இல்ல. எனக்காக மழை காத்திருக்கல, வேற எவளயோ கூட்டிட்டுப் போயிருச்சுன்னு நெனச்சேன். நோட்ட மாருல அணச்சுக்கிட்டு நின்ன நாகவல்லிதான் சொன்னா.

"ரெண்டு அடிக்க அஞ்சு நிமிசம் இருக்கும்போது வந்தா மதினி. குடம் தனியா இருக்கேன்னா. அம்மா வர்ற வரைக்கும் நான் எடம் பிடிச்சு நிக்கிறேன்னு நின்னா."

தெரிஞ்சு நின்னாளா, பழக்கத்துல நின்னாளா, எனக்கு இன்னிக்கு வரைக்கும் தெரியாது. வெளங்காமயே என் கட்டை வேகும். வயித்துல அந்த நெத்திலி கொழம்பு இருந்துச்சு. டிவியில எடது ஓரத்துல, கடைசி ஆளா, தைல மரத்த ஒட்டி, ஊதாச் சுடிதார்ல, இடுப்புல ஒரு குடத்தோட என் பிள்ள நின்னா.

உடையவ வந்துட்டா பிடிச்சவ விலகணும். அந்த ஒரு சட்டத்த நம்பித்தான் நான் அன்னிக்கு டிவிக்கு முன்னால போனேன். ரம்மி விளம்பரம் முடிஞ்சு படம் திரும்பி வர்ற வரைக்கும் காத்திருந்து, நான் வந்துட்டேன் மங்களா, என் எடம், நீ விலகுன்னு சொன்னேன், கத்திச் சொன்னேன், கெஞ்சிச் சொன்னேன், பஸ் பிந்திருச்சுடி தங்கம்னு கதையெல்லாம் சொன்னேன். அவ முன்னால இருக்கிறவரோட முதுகப் பாத்துக்கிட்டே நின்னா. மறுநாளும் சொன்னேன். மூணாம் நாள் ஒரே ஒரு தடவ தலையத் திருப்புனா, சத்தம் எந்தப் பக்கமிருந்து வருதுன்னு தேடுற மாதிரி அங்கிட்டும் இங்கிட்டும் பாத்தா, மழை அவ கண்ணுல அடிச்சுச்சு, தொடச்சுக்கிட்டா, மறுபடி முன்னால பாத்துக்கிட்டா. காதுல விழுந்திருக்கு, ஆனா நான் எங்க இருக்கேன்னு அவளுக்குத் தெரியல.

மார்கழி ஒண்ணாந்தேதி நாகவல்லி வீட்டு முறை. நான் விடியக்காலையிலயே போய் என் குடத்த மொத எடத்துல வச்சு அதக் கட்டிப்பிடிச்சுக்கிட்டு ஒக்காந்துட்டேன். யாரும் என்னத் திட்டல, நாலு பேர் வந்து பதமாத் தூக்கி ஓரமா ஒக்காரவச்சாக. உங்க வீட்டு முறை முடிஞ்சது மதினி, ரெண்டு ஆள் எடுத்தா அது அநியாயம்னு நாகவல்லி சொன்னா, அவ கண்ணும் செவந்து கெடந்துச்சு. அவ புருசன் தங்கச்சாமி குளிச்சு வேட்டி மாத்திட்டு வந்து நின்னான். வடக்க முறுக்குக் கம்பெனியில பத்து வருசம் ஒழச்சு இப்பத்தான் ஊர்ல தங்குன ஆள். ரெண்டு அடிச்சதும் என் மகளுக்குப் பின்னால போயிட்டான், படத்துக்குள்ள அதுக்கு மேல எடமில்லாம பாதி ஒடம்புதான் தெரிஞ்சுச்சு. அவன ஒரு நிமிசம் வெறிச்சுப் பாத்துட்டு நாகவல்லி நோட்டுல தேதி போட்டா. அப்பிடி நியாயமான ஊரு எங்க ஊரு, நாசமாப் போக.

தை பொறந்ததும் நான் படத்த எடுத்தவளத் தேடிப் போனேன். சைட்டுக்காரன் மறைச்சது போக, படம் முடியிற எடத்துல சின்னதா மெர்லின் ஜெபான்னு ஒரு பேர் வரும்; மங்களாவோட காலேஜ்ல படிச்ச ஒரு பொண்ணு அந்தப் பேர வச்சுத் தேடி, மதுரையில இருக்கான்னு சொல்லி அட்ரஸ் வாங்கிக் குடுத்தா. பெரிய ஆளா இருப்பா, வாட்ச்மேன் விடமாட்டான்னு நெனச்சுப் போனா, ஒரு மாடிப்படிக்குக் கீழ தீப்பெட்டி ரூம்ல ஒக்காந்து கல்யாண வீடியோ வெட்டி ஒட்டிக்கிட்டிருந்துச்சு ஒரு பிள்ள, முப்பது வயசு இருக்கும், கண்ணாடி போட்டு, கழுத்தெலும்பு தெரிய. நான் சொன்னத நம்பல. பேசாம போன எடுத்து மழைப்படத்தப் போட்டேன். அவ ரூமுக்குள்ள மழை எறங்குச்சு, மாப்பிள்ள பொண்ணு ஆல்பமெல்லாம் நனைஞ்சுச்சு, அவ கம்ப்யூட்டர் மேல துப்பட்டாவப் போட்டு மூடிட்டு, போனக் கையில வாங்கி, மூக்குல தண்ணி சொட்டச் சொட்டப் பாத்தா. அவகிட்ட இருக்கிற படத்த எனக்குப் போட்டுக் காட்டுனா. அதே வீடு, அதே பொம்பள, அதே ஜன்னல். வெளிய வெறும் சரிவு. ரூம்ல ஒரு சொட்டு விழல.

"நான் எடுக்கும்போது அங்க யாருமே இல்லம்மா" ன்னா. "பத்தொம்பது நாள் மழையில நின்னு எடுத்தேன். யாருமே வாங்கல. சைட்டுல திருடிப் போட்டப்ப, போகட்டும், திருடியாவது நாலு பேர் பாக்கட்டும்னு விட்டுட்டேன். இப்ப இவங்க வரிசையா நிக்கிறதப் பாத்தாதான் எனக்கே பயம் வருது. நான் எடுக்க நெனச்சது இதத்தான். என்னால எடுக்க முடியல."

பளார்னு ஒண்ணு விடலாமான்னு கை வந்துச்சு. ஆனா அவ தேம்பித் தேம்பி அழுதா, அழுதது மங்களாவுக்காகவா படத்துக்காகவான்னு எனக்குத் தெரியல, ரெண்டுக்கும் சேத்துத்தான் இருக்கும். என் மக மட்டும் வேணும், அவள வெட்டி வெளிய எடுத்துக் குடுன்னு கேட்டேன். அவ எடுக்காதத அவளால வெட்ட முடியாதுன்னுட்டா. கடைசியில, சைட்டுக்காரங்களுக்கு எழுதிப் போட்டு படத்தத் தூக்கச் சொல்லலாம், ஓடுறது நின்னா உள்ள இருக்கவங்க வெளிய வந்தாலும் வரலாம், வராமயும் போகலாம்னு சொன்னா. அது நின்னா ஊர்ல தண்ணி நிக்கும்னு எனக்குத் தெரியாமலா இருக்கும். நூத்திப்பத்து வீடு, கைப்பிள்ளைக எத்தன, நெறமாசக்காரி ரெண்டு பேர், எல்லாம் கண்ணு முன்னால வந்துச்சு. எழுதுன்னு சொன்னேன்.

மாசி மொத வாரம், ஒரு செவ்வாக்கெழம ரெண்டு மணிக்கு டிவியில படம் வரல, இந்தப் பக்கம் இல்லன்னு நாலு எழுத்துதான் வந்துச்சு. நான் டிவி ரூம் வாசல்ல நின்னேன், பெறகு ஊர் எல்லையில நின்னேன், பெறகு பஸ் நிறுத்தத்துல நின்னேன், மக நனைஞ்ச சுடிதாரோட எங்கிட்டாவது வருவான்னு தொவட்டத் துண்டு எடுத்துட்டுப் போய் நின்னேன். ஒரு வாரம் நின்னேன். யாரும் வரல, சாத்தையாண்ணன் வரல, தங்கச்சாமி வரல. ஊர்ல தண்ணி தீந்துச்சு, ஊத்தத் தோண்டப் போனா சேறுதான் வந்துச்சு, பன்னெண்டு கிலோமீட்டர் நடந்து போய்ப் பக்கத்து ஊர்ல கேட்டு வாங்குனாக. நான்தான் நிறுத்துனேன்னு தெரிஞ்சும் யாரும் ஒரு வார்த்த பேசல. பேசவே இல்ல, அதான். நெறமாசக்காரி ஒருத்தி பாதி வழியில வெயில்ல மயங்கி விழுந்தா, பிள்ள தங்கல. நான் போய் அந்த வீட்டு வாசல்ல நின்னேன், கதவச் சாத்திக்கிட்டாக, சாத்தத்தான் செய்வாக.

இருபத்திரெண்டாம் நாள் நாகவல்லி என் வீட்டுக்கு வந்தா.

"மதினி, படம் வந்திருச்சு" ன்னா. "வேற பேர்ல ஏத்திருக்கான். வாங்க."

தலைய முடியாமக் கூட, பழக்கத்துல குடத்த மட்டும் தூக்கிக்கிட்டு ஓடுனேன். ஊரே குடத்தோட நிக்குது. மழை கொட்டுது, அதே மழை, அதே தைல வாசம், பிள்ளைக குதிக்குங்க. டிவியில அந்த வீடு வந்துச்சு, ஜன்னல் வந்துச்சு, ஆனா எல்லாம் கொஞ்சம் கிட்டக்க வந்த மாதிரி இருந்துச்சு, நாலு மூலையிலயும் நாலு முத்திர. மறுபடி கண்டுபிடிச்சுத் தூக்கிரக்கூடாதுன்னு சைட்டுக்காரன் படத்தப் பெருசாக்கி ஓரத்தயெல்லாம் வெட்டிட்டு ஏத்திருக்கான்னு மெர்லின் அப்பறமாப் போன்ல சொன்னா, இப்பிடித்தான் எப்பவும் செய்வாகளாம். வலது பக்கம் சாத்தையாண்ணன் நின்னாரு. அவருக்குப் பின்னால ரெண்டாவது ஆளு, மூணாவது ஆளு, நாலாவது ஆளு. அஞ்சாவது ஆளோட தோள் வரைக்கும் இருந்துச்சு. அதுக்கு அங்கிட்டு டிவியோட கறுப்புப் பிளாஸ்டிக்குதான் இருந்துச்சு.

நான் அந்த விளிம்பத் தடவிப் பாத்தேன். டிவிக்குப் பின்னால போய்ப் பாத்தேன், செவுரு. முன்னால வந்து ஒக்காந்து மங்களான்னு கூப்பிட்டேன், அஞ்சாவது ஆளுதான் லேசாத் திரும்பிப் பின்னால பாத்தாரு, அங்க யாரயோ பாத்துட்டு முன்னால திரும்பிக்கிட்டாரு. அப்ப இருக்கா. மழைக்குள்ள, ஈரச் சுடிதாரோட, எவன் கண்ணுக்கும் படாத எடத்துல நிக்கா. அவ மூஞ்சியத் தெனமும் பாத்துக்கிட்டாவது இருந்தேன், அதையும் நானே எழுதுன்னு சொல்லி அழிச்சுட்டேன்.

சாத்தையாண்ணன் பொஞ்சாதி, எங்க வீட்டு ஆள் தெரியிறாகன்னு சொல்லிட்டு முந்தானையால கண்ணத் தொடச்சுக்கிட்டா. யாரோ ஒரு ஆம்பள, போனவுக தெரியாம இருக்கிறதும் நல்லதுக்குத்தான், பாத்துக்கிட்டே இருந்தா மனசு கேக்க மாட்டேங்குதுன்னு சொன்னாரு, ஆமா ஆமான்னு நாலஞ்சு பேர் தலையாட்டுனாக. பங்குனிக்கு யார் வீட்டு முறைன்னு கேட்டாக. நாகவல்லி அந்தக் கறுப்பு விளிம்பயே பாத்துக்கிட்டு நின்னா, அவ புருசனும் அதுக்கு அங்கிட்டுத்தான் நிக்கான். பெறகு மூக்க உறிஞ்சிட்டு நோட்ட விரிச்சு, பங்குனிக்காரவுக வீட்டுப் பேர வாசிச்சா.

அந்த டிவியத் தூக்கிப் போட்டு ஒடைக்கணும்னுதான் எந்திரிச்சேன். சத்தியமா அதுக்குத்தான் எந்திரிச்சேன். எனக்குப் பின்னால அறுபது எழுவது குடம் இருந்துச்சு, பிள்ளயப் பறிகொடுத்தவ பச்ச ஒடம்போட அதுல ஒரு குடத்துக்குப் பக்கத்துல நின்னா. அவ என்னப் பாத்தா, நான் அவளப் பாத்தேன். மதினி, தண்ணி பிடிக்க உங்க முறைன்னு நாகவல்லி சொன்னா. இருபத்திரெண்டு நாளாக் காஞ்ச தொண்ட எனக்கும். என் குடத்த நகட்டி மழைக்குள்ள வச்சேன், நெறஞ்சுச்சு, தூக்கி இடுப்புல வச்சுக்கிட்டு அடுத்தவளுக்கு எடம் விட்டேன்.